அடுத்தவர் எண்ணில் எழுதிய பால்

அன்றைக்குச் சங்கக் கட்டிடத்துக்குள் இருந்தவர்கள் மொத்தம் ஒன்பது பேர். உயர் நீதிமன்றம் அனுப்பிவைத்த வழக்கறிஞர் ஆணையர் அம்மா. அவர் சொல்வதை எழுதிக்கொள்ள வந்த ஜூனியர் வக்கீல். பால்வளத் துறையிலிருந்து வந்திருந்த தேர்தல் அலுவலர். எங்கள் செயலாளர் வேதாசலம் சார். முன்னாள் தலைவர் துரைக்கண்ணு. வழக்குப் போட்ட கன்னியம்மாள். அவளுடைய கொழுந்தன் மூர்த்தி. சீல் வைத்த ஓட்டுப்பெட்டிக்குக் காவலாக ஒரு கான்ஸ்டபிள். ஒன்பதாவது ஆள் நான், அந்தப் பால் உற்பத்தியாளர் கூட்டுறவு சங்கத்தின் பரிசோதகர். ஊரில் எனக்குப் பேரே டெஸ்டர்தான்.

பயம் வந்தால் நான் எதையாவது எண்ணத் தொடங்கிவிடுவேன். அதனால்தான் கணக்கு இத்தனை சரியாக நினைவிருக்கிறது. ஆட்களை எண்ணி முடித்ததும் ஜன்னல் கம்பிகளை எண்ணினேன். அப்புறம் வெளியே ஒரகடம் பக்கம் போன கம்பெனி பஸ்களை எண்ணினேன்.

இப்போது மறுபடியும் சங்கத் தேர்தல் வரப்போகிறதாம். வாக்காளர் பட்டியல் தயார் செய்யச் சொல்லியிருக்கிறார்கள். பட்டியல் வேலையில் அனுபவம் உள்ள ஓய்வு பெற்றவர்கள் எழுதுங்கள் என்று நம் பணியாளர் மலர் இதழில் கேட்டிருந்தார்கள். எனக்கு இருக்கிற அனுபவம் ஒன்றே ஒன்றுதான். அது பெருமைப்படும்படி இல்லை. எழுதலாமா வேண்டாமா என்று ஒரு மாதம் குழம்பினேன். என் சம்சாரம், "மனசுல வெச்சிக்கினு புரண்டு புரண்டு படுக்கறதுக்கு எழுதித் தொலை" என்றாள்.

என் படிப்பு எட்டாவதோடு நின்றுவிட்டது. இருபது நாள் பயிற்சியில் ஆசிட் ஊற்றவும் குழாய் படிக்கவும் சொல்லிக்கொடுத்தார்கள். அதை வைத்துத்தான் முப்பத்தோரு வருஷம் ஓட்டினேன். ஒருநாளும் கையில் ஆசிட் பட்டதில்லை. கெட்டிக்காரத்தனம் ஒன்றும் இல்லை, மூடியை மூன்று தடவை திருகிப் பார்க்கிற பயம்தான்.

வேலை இதுதான். விடிகாலையிலும் பிற்பகலிலும் உறுப்பினர்கள் தூக்குவாளியில் பால் கொண்டுவருவார்கள். அளந்து கேனில் ஊற்றிவிட்டு, ஆளுக்கு ஒரு சின்ன பாட்டிலில் மாதிரி எடுப்பேன். அந்தப் பாலைக் கண்ணாடிக் குழாயில் ஆசிட்டோடு சேர்த்து, கார்க்கை அழுத்தி, குலுக்கி, சூடு தாங்காமல் துணியில் சுற்றிப் பிடித்து, கையால் சுற்றுகிற மெஷினில் அடுக்க வேண்டும். ஐந்து நிமிஷம் சுற்றினால் கொழுப்பு மட்டும் மேலே மஞ்சளாக நிற்கும். அது எந்தக் கோட்டில் நிற்கிறதோ அதற்குத் தகுந்த விலை.

எங்கள் மெஷினில் இருபத்துநாலு குழி. பால் வண்டி வருவதற்குள் இரண்டு சுற்றுதான் முடியும். ஆக நாற்பத்தெட்டு பேர். நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் அறுபது பேருக்கு மேல் ஊற்றினார்கள். மிச்சப் பேருக்கு என்ன செய்வது? எனக்கு முன்னால் இருந்த டெஸ்டர் ஒரு வழி வைத்திருந்தார். ஒன்றரை லிட்டருக்குக் குறைவாக ஊற்றுகிறவர்களை, பங்காளி வீட்டு எண்ணிலோ பக்கத்து வீட்டு எண்ணிலோ சேர்த்து எழுதிவிடுவது. இரண்டு பேர் பாலுக்கு ஒரு பாட்டில், ஒரு குழாய், பதிவேட்டில் ஒரு வரி. யார் பங்கு எவ்வளவு என்று ஒரு கைநோட்டில் குறித்துவைத்துவிட்டால், பணம் வரும்போது அவர்களே பிரித்துக்கொள்வார்கள். அப்போது அது யாருக்கும் தப்பாகத் தெரியவில்லை. அதில் அடித்துக்கொண்டவர்களும் இல்லை. நானும் அப்படியே எழுதினேன்.

அப்புறம் நிலமெல்லாம் கம்பெனிக்குப் போயிற்று. மேயவிட இடமில்லாமல் மாடு குறைந்தது. பால் ஊற்றுகிறவர்கள் நாற்பதானார்கள், முப்பத்தைந்தானார்கள். மெஷினில் குழி காலியாகவே கிடந்தது. ஆனாலும் சேர்த்து எழுதுகிற பழக்கத்தை நான் விடவில்லை.

கன்னியம்மாள் வந்தது அந்தச் சமயத்தில்தான். புருஷன் இறந்த பிறகு அவருடைய பங்குத்தொகையைத் தன் பேருக்கு மாற்றிக்கொண்டு முறையாக உறுப்பினர் ஆனவள். ஒரே ஒரு நாட்டு மாடு. காலையில் ஒரு லிட்டர், சாயங்காலம் அரை லிட்டர். முதல் நாள் தூக்கை நீட்டியபோது, "எந்த நம்பர்ல எழுதட்டும், மூர்த்தி நம்பர்லயே போட்டுக்கவா?" என்று கேட்டேன்.

"போடு அண்ணே. எல்லாம் ஒரே வூடுதான" என்றாள்.

தனியாக எழுத இடம் இருந்தது. எனக்கு ஒரு குழாய் கழுவுகிற வேலை மிச்சம். அதற்காகத்தான் அப்படிக் கேட்டேன்.

வாய்க்காரி. அளக்கும்போது நுரையைப் பார்த்து, "நுரைய அளக்காத அண்ணே, பால அள" என்பாள். வரிசையில் நிற்கிறவர்கள் சிரிப்பார்கள். சங்கத்துக்கு முன்னால் சாலையை ஒட்டிக் கொஞ்சம் காலி இடம் இருந்தது. தீவன மூட்டை இறக்குகிற கொட்டகையும் அதில்தான் இருந்தது. அப்போது தலைவராக இருந்த துரைக்கண்ணுவுக்கு லாரித் தொழில். அந்த இடத்தை லாரி நிறுத்த வாடகைக்கு விட்டால் சங்கத்துக்கு வருமானம் என்று அவர் சொல்லத் தொடங்கினார். ஒருநாள் சாயங்காலம் வரிசையில் நின்றபடியே கன்னியம்மாள் கேட்டாள்.

"லாரி நிக்கட்டும் தலைவரே. தீவனத்த எங்க எறக்குவ, உன் வூட்டு மாடியிலயா?"

"உன் ஒன்னரை லிட்டரு மாட்டுக்கு மூட்டை தீவனம் கேக்குதா இன்னா? கைப்புடி புல்லு போதும்."

"ஒன்னரை லிட்டருக்கும் ஒரு ஓட்டு கீது, ஆறு லிட்டருக்கும் ஒரு ஓட்டுதான் கீது. எலக்சன் வரட்டும், நானே நிக்கறேன்."

எல்லோரும் சிரித்தார்கள். துரைக்கண்ணுவும் சிரித்தார். சிரித்துக்கொண்டே என் பக்கம் திரும்பி மேஜை மேல் கிடந்த பதிவேட்டைப் பார்த்தார். நான் பதிவேட்டை மூடி வைத்தேன்.

எங்கள் சங்கத் துணைவிதிப்படி, வருஷத்தில் நூற்று இருபது நாளாவது பால் ஊற்றியவருக்குத்தான் ஓட்டு. ஓட்டு இருந்தால்தான் போட்டியிடலாம். அந்த நாள் கணக்குக்கு ஆதாரம் பால் கொள்முதல் பதிவேடு. அதில் கன்னியம்மாள் பேருக்கு ஒரு வரிகூட இல்லை.

தேர்தல் அறிவிப்பு வந்து, வரைவுப் பட்டியலைச் செயலாளர் என்னிடம் கொடுத்து அறிவிப்புப் பலகையில் ஒட்டச் சொன்னார். பசை தடவும்போதே தேடினேன். மூர்த்தி பேர் இருந்தது, கன்னியம்மாள் பேர் இல்லை. பாதி ஒட்டின காகிதத்தை விட்டுவிட்டு உள்ளே ஓடினேன்.

வேதாசலம் சாரைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். குன்றத்தூரிலிருந்து பைக்கில் வருவார். சட்டைப் பையில் நீலப் பேனா ஒன்று, சிவப்புப் பேனா ஒன்று. நாற்காலியில் உட்காரும் முன் கைக்குட்டையை நாலாக மடித்து மேஜை ஓரத்தில் வைப்பார். முப்பத்தோரு வருஷத்தில் பதினாலு வருஷம் அவர் கீழ் வேலை பார்த்தேன், ஒருநாளும் குரல் உயர்த்தியதில்லை. இதைச் செய் என்று உத்தரவு போட்டதுமில்லை. எல்லாவற்றையும் கேள்வியாகத்தான் கேட்பார். பதில் நம் வாயிலிருந்துதான் வர வேண்டும். அப்புறம் ஏதாவது ஆனால் அது நாம் சொன்னதாக இருக்கும். நேர்மையானவர். ஒரு டீக்கு யாரிடமும் கை நீட்டினதில்லை. பயந்தவரும்கூட. என் பயம் கையில் தெரியும், அவர் பயம் அந்தக் கேள்விகளில் தெரியும்.

"சார், கன்னியம்மா பேரு வுட்டுப் போயிருக்கு."

"பதிவேட்டில் எத்தனை நாள் இருக்கு?"

"மூர்த்தி நம்பர்ல சேத்து எழுதினது சார்."

"சேர்த்து எழுதினதுன்னு பதிவேட்டில் எங்கே இருக்கு?"

எங்கும் இல்லை. திரும்பி வந்து மிச்சக் காகிதத்தையும் ஒட்டினேன்.

கன்னியம்மாள் ஆட்சேபணை மனு கொடுத்தாள். ஆதாரம் இல்லை என்று தேர்தல் அலுவலர் தள்ளினார். வேட்புமனு போட்டாள். பரிசீலனையில் அதுவும் தள்ளுபடி. ஊரில் அத்தோடு முடிந்தது என்றுதான் நினைத்தார்கள். அவள் கம்மலை அடகு வைத்து உயர் நீதிமன்றத்துக்குப் போனாள். ஓட்டுப்பதிவு நடக்கலாம், ஆனால் பெட்டியை சீல் வைத்துவிட வேண்டும், நீதிமன்றம் சொல்லும்வரை எண்ணக் கூடாது என்று உத்தரவு வந்தது. பதிவேடுகளை நேரில் பார்த்து, சம்பந்தப்பட்டவர்களைக் கேட்டு அறிக்கை கொடுக்க ஒரு வழக்கறிஞரை ஆணையராகவும் நியமித்திருந்தார்கள்.

ஒரு பெண்பிள்ளையின் ஒன்றரை லிட்டர் பாலுக்காக உயர் நீதிமன்றமே எங்கள் ஊருக்கு ஆள் அனுப்பும் என்று யாரும் நினைக்கவில்லை. நான் அன்றிலிருந்து நாட்களை எண்ணத் தொடங்கினேன். ஓய்வு பெற இன்னும் எட்டு மாதம்தான் இருந்தது.

ஆணையர் வருவதற்கு முந்தின நாள் மத்தியானம், பாட்டில் கழுவிக்கொண்டிருந்தபோது வேதாசலம் சார் கூப்பிட்டார். உட்காரச் சொன்னார். அதுவே புதுசு.

"நாளைக்கு உன்னைத்தான் கேப்பாங்க. என்ன சொல்லப்போறே?"

"நடந்ததச் சொல்லிடறேன் சார். சேத்து எழுதினேன்னு."

"அப்போ பதிவேட்டில் இருக்கிறது பொய்ப் பதிவுன்னு ஆகாதா?"

நான் ஈரக் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டேன்.

"எத்தனை வருஷப் பொய்ன்னு துறையில் கேட்டா என்ன சொல்லுவே? விசாரணை முடியாம பணிக்கொடை கொடுப்பாங்களா? எனக்குக் கொடுப்பாங்களா?" கைக்குட்டையைப் பிரித்து மறுபடி நாலாக மடித்தார். "பதிவேட்டில் இருக்கிறதை மட்டும் சொன்னா அது தப்பா?"

அவர் கேட்டது எதுவும் பொய் இல்லை. அதுதான் என்னை மடக்கியது. இரண்டாவது பெண்ணுக்கு அப்போதுதான் வரன் பேசி முடித்திருந்தோம்.

மறுநாள் பதினோரு மணிக்கு ஆணையர் அம்மா வந்தார். மணிமங்கலம் வழியாக வந்ததில் லாரி நெரிசலில் நேரமாகிவிட்டது என்று எங்களிடம் மன்னிப்புக் கேட்டார். நீதிமன்றத்திலிருந்து வந்தவர் எங்களிடம் மன்னிப்புக் கேட்டதுமே நான் ஆட்களை எண்ணத் தொடங்கிவிட்டேன். பெட்டியின் சீலைப் பார்த்துக் குறித்துக்கொண்டார். மூன்று வருஷப் பதிவேடுகளை மேஜையில் அடுக்கச் சொன்னார். தாளைத் திருப்பும்போது எச்சில் தொடவில்லை, ஒவ்வொன்றாக விரலால் நகர்த்தினார்.

நான் கையெழுத்துப் போடும்போது பேனா நழுவியது. துரைக்கண்ணு விடவில்லை.

"ஆசிட்டு புடிக்கிற கை டெஸ்டரே. பேனா புடிச்சா இன்னாத்துக்கு இப்படி ஆடுது?"

ஆணையர் நிமிர்ந்து, "நான் கேக்கும்போது நீங்க பேசினா போதும்" என்றார். துரைக்கண்ணு கை கட்டிக்கொண்டார்.

முதலில் மூர்த்தியைக் கேட்டார். "உங்க அண்ணி பாலும் உங்க எண்ணில்தான் எழுதினதா சொல்றாங்க. உண்மையா?"

மூர்த்தியின் மகன் அப்போது துரைக்கண்ணுவின் லாரி ஆபீசில் வேலையில் இருந்தான். "என் நம்பர்ல என் பால்தாங்க" என்று தரையைப் பார்த்துச் சொன்னான்.

கன்னியம்மாள் அவனைத் திட்டவில்லை. "அவன கேக்காதீங்கம்மா. அவனுக்குப் பிள்ளைக்குட்டி கீது. டெஸ்டரண்ணன கேளுங்க. தெனம் ரெண்டு வேளையும் என் தூக்குல கைய வுட்டது அவருதான்" என்றாள்.

ஆணையர் என்னை எதிரில் உட்கார வைத்தார். "இவங்க தினமும் பால் கொண்டுவந்தாங்களா?"

"வருவாங்கம்மா."

"யார் பால்?"

வேதாசலம் சார் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மூர்த்தி பால எடுத்துக்கினு வருவாங்க."

கன்னியம்மாள் என்னைப் பார்ப்பது தெரிந்தது. நான் பார்க்கவில்லை.

ஆணையர் பதிவேட்டில் ஒரு பக்கத்தைத் திருப்பி என் பக்கம் நகர்த்தினார். கெட்டிக்கார அம்மா. முன்கூட்டியே காகிதம் வைத்துக் குறித்திருந்தார். "மூர்த்தி எண்ணில் தினம் ஏழு, ஏழரை லிட்டர் வருது. இங்கே பாருங்க, ரெண்டு மாசத்துக்கு மட்டும் தினம் ஒன்றரை லிட்டர். அதுக்கப்புறம் மறுபடி ஏழு. அந்த ரெண்டு மாசம் என்ன ஆச்சு?"

அந்த இரண்டு மாதம் மூர்த்தியின் மாடு சினை முற்றி, மடி வற்றி, சுத்தமாகக் கறக்கவில்லை. அந்த ஒன்றரை லிட்டர் முழுக்க முழுக்கக் கன்னியம்மாளின் பால். நான் எழுதிய பதிவேடே உண்மையைச் சொல்லிக்கொண்டிருந்தது. ஆமாம் என்று தலையாட்டினால் போதும்.

"சினை மாடுங்கம்மா. கன்னு போடறதுக்கு முன்னாடி கறவை கொறஞ்சிடும். அப்பறம் ஏறிடும்."

"ரெண்டு மாசமும் ஒரே அளவா, ஒன்றரையிலேயே நிக்குமா?"

"நிக்குங்க. சில மாடு அப்படி."

அப்படி ஒரு மாடு கிடையாது. வற்றுகிற மடி நாளுக்கு நாள் குறைந்துகொண்டே போகும். முப்பத்தோரு வருஷம் பாலைப் பார்த்தவன் அதைச் சொல்கிறேன்.

ஆணையர் குறித்துவைத்த காகிதத்தை அந்தப் பக்கத்திலேயே திரும்ப வைத்தார். "எனக்கு மாடு தெரியாது. இதில் நீங்க சொல்றதைத்தான் நான் எழுத முடியும்" என்றார். பிறகு கேட்டார். "இந்தப் பதிவேட்டைத் தவிர நீங்க கைப்பட எழுதிவெச்ச வேற குறிப்பு ஏதாவது இருக்கா?"

யார் பங்கு எவ்வளவு என்று குறித்த கைநோட்டுகள் என் வீட்டு பீரோவில், புடவைகளுக்கு அடியில் இருந்தன. மூன்று வருஷத்துக்கு மூன்று நோட்டு. நான்தான் காலையில் அங்கே வைத்துவிட்டு வந்தேன்.

"இல்லீங்கம்மா."

ஜூனியர் எழுதி முடித்து நீட்டினார். கையெழுத்துப் போட்டேன். அந்தத் தடவை பேனா நழுவவில்லை.

வெளியே வந்தபோது கன்னியம்மாள் கொட்டகைப் பக்கம் நின்று தூக்கை அலம்பிக்கொண்டிருந்தாள். சாயங்காலப் பால் நேரம் ஆகியிருந்தது. ஏதாவது சொல்லுவாள், திட்டுவாள் என்று நின்றேன். "வண்டி வர நேரம் ஆச்சில்ல, போய்க் கேன கழுவு" என்றாள். அண்ணே என்று சொல்லவில்லை.

ஆணையர் அறிக்கை கொடுத்தார். பதிவேட்டின்படி மனுதாரர் பால் வழங்கியதற்கு ஆதாரம் இல்லை, மறுப்பு இருந்தால் சட்டப்படி பதிவாளரிடம் முறையிடலாம் என்று வழக்கு முடிந்தது. நீதிமன்றத்தை நான் குறை சொல்ல மாட்டேன். எங்கள் வாசல்வரை வந்து, கேட்க வேண்டிய கேள்வியைக் கேட்டார்கள். பெட்டியைத் திறந்து எண்ணினார்கள். துரைக்கண்ணு தரப்பு முழுவதும் ஜெயித்தது. அந்த வருஷமே கொட்டகையைப் பிரித்தார்கள். இப்போது அங்கே கன்டெய்னர் லாரிகள் நிற்கின்றன. பால் ஊற்ற வருகிறவர்கள் லாரிகளுக்கு நடுவே ஒருக்களித்து நுழைந்து வருகிறார்கள். எண்ணிப் பார்த்தேன், பதினொரு பேர். தீவனம் வாங்க எட்டு கிலோமீட்டர் போக வேண்டியிருந்ததில், கன்னியம்மாள் இரண்டு வருஷத்துக்குள் மாட்டை விற்றுவிட்டாள். ஒரு கம்பெனி கேன்டீனில் பாத்திரம் கழுவுகிற வேலைக்குப் போகிறாள்.

எனக்குப் பணிக்கொடை ஒரு ரூபாய் குறையாமல் வந்தது. பெண்ணின் கல்யாணம் நடந்தது. வேதாசலம் சார் வந்து மொய் எழுதினார். சாப்பிடும்போது பக்கத்தில் உட்கார்ந்து, "ராத்திரி தூக்கம் வருதா உனக்கு?" என்று கேட்டார். நான் இலையை மடித்தேன். அவரும் பதிலை எதிர்பார்க்கவில்லை. போன வருஷம் தவறிவிட்டார்.

அவர் காரியத்துக்குப் போய்விட்டு வந்த வாரம்தான் நோட்டுகளை பீரோவிலிருந்து எடுத்தேன். ஒரு விஷயம் அதுவரை நானே கணக்குப் பார்க்காதது. பால் பணத்தை மூர்த்தி ஒழுங்காகப் பிரித்துக் கொடுத்துவிடுவான். தீபாவளிக்குச் சங்கம் கொடுக்கிற போனஸ் அப்படி இல்லை, அது பதிவேட்டு லிட்டர் கணக்கில் எண்ணுக்குரியவர் கைக்கே போகும். கன்னியம்மாளின் பாலுக்கான போனஸும் மூர்த்தியிடமே போயிருக்கிறது. மூன்று நோட்டையும் கூட்டினேன். ஆயிரத்து இருநூற்று இருபத்துநாலு லிட்டர். சந்தேகத்துக்கு நாலு தடவை கூட்டினேன். மூன்று வருஷமும் லிட்டருக்கு ஒன்றரை ரூபாய் போனஸ். அந்தத் தொகையை என் சொந்தப் பணத்திலிருந்து எடுத்துக்கொண்டு, ஷிப்ட் முடிந்து கேன்டீன் பஸ் வருகிற நேரத்துக்கு அவள் வீட்டுக்குப் போனேன்.

நோட்டைக் கையில் வாங்கித் திருப்பிப் பார்த்தாள். அவளுக்குப் படிக்க வராது. தன் பேர் எழுதியிருக்கிற இடத்தைக் காட்டச் சொன்னாள். காட்டினேன். ஒவ்வொரு பக்கத்திலும் காட்டச் சொன்னாள்.

"அன்னிக்கு இந்த நோட்டு எங்க இருந்திச்சி?"

"வூட்டுல. பீரோவுல."

"நெனச்சேன்" என்றாள். விரல்கள் சோப்புத் தண்ணீரில் ஊறி வெளுத்திருந்தன. நான் பணத்தை எடுத்து வைத்தேன். அவள் தொடவில்லை.

"நீ குடுத்தா அது தர்மம். சங்கம் என் பேருக்கு ரசீது போட்டுக் குடுத்தா அது என் பாலு. ஒனக்கு வித்தியாசம் தெரியாதா? எழுதிக் குடு சங்கத்துக்கு. இப்பவாச்சும் எழுதிக் குடு."

எழுதிக் கொடுத்தேன். பதிவேட்டில் அவர் பெயரில் வழங்கல் இல்லாததால் பரிசீலிக்க இயலாது என்று பதில் வந்தது. பதில் எழுதினவரைக் கோபித்துக்கொள்ள எனக்கு வாயில்லை. வரப்போகிற தேர்தலிலும் அவளுக்கு ஓட்டில்லை, மாடே இல்லையே.

பட்டியல் தயாரிக்கிற தம்பிகளே, உங்கள் சங்கத்தில் யாரையாவது யார் எண்ணிலாவது சேர்த்து எழுதியிருந்தால், பசை தடவுவதற்கு முன்னால் கேட்டுவிடுங்கள். அந்த மூன்று வருஷப் பதிவேட்டில் மூர்த்தி எண்ணுக்கு நேரே இருக்கிற பாலில் தினம் ஒன்றரை லிட்டர் கன்னியம்மாளுடையது. என் கையால் அளந்து, தெரிந்தே மறைத்தேன். இதையே என் வாக்குமூலமாக யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், கையெழுத்துப் போடத் தயார். சங்கம் அவளுக்குத் தர வேண்டிய பாக்கி ஆயிரத்து எண்ணூற்று முப்பத்தாறு ரூபாய்.